காலம் தப்பி ஒலிக்கும் கல்: காசிமேட்டுக் கதைக்கு விதி எழுதுவது எப்படி?

கேள்வி, ஜூன் 3

காசிமேட்டை வைத்து ஒரு தொடர்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். மீன்பிடித் துறைமுகத்தில் சுற்றும் ஒரு பையனிடம் உலகத்திலேயே ஒரே ஒரு படிகக்கல் இருக்கிறது. தட்டினால் இனிமையாக ஒலிக்கும். அந்த ஒலி அடங்கும்வரை நேரம் நின்றுவிடும். இதற்கு இன்னும் என்னென்ன சக்தி கொடுக்கலாம்? விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஜூன் 3, இரவு 10.50

சக்தியைக் கூட்டிக்கொண்டே போகாதீர்கள் தம்பி. அந்தக் கல்லால் என்ன முடியாது என்று முதலில் எழுதுங்கள். கதை அங்கிருந்துதான் வரும்.

நேரம் நின்றால் ஒலி எப்படி வரும்? காற்று அசைந்தால்தான் சத்தம். நேரம் நின்றுவிட்டால் காற்றும் நின்றுவிட்டது என்று அர்த்தம். உங்கள் பையன் கல்லைத் தட்டிவிட்டுச் செவிடனாக நிற்பான். இரண்டில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்ள முடியும். நானாக இருந்தால் ஒலியை வைத்துக்கொள்வேன்.

ஜூன் 3, இரவு 11.15

"உலகத்தில் ஒரே ஒரு கல்" என்பதும் வேண்டாம். ஒன்றுதான் என்றால் அது என்ன செய்யும் என்று யாருக்குத் தெரிந்திருக்கும்? மூன்று நான்கு துண்டாவது இருக்கட்டும்.

ஜூன் 5, மதியம்

மாயக்கல்லுக்குப் போகுமுன் நிஜக்கல்லைப் பார்த்துவிடலாம். ராயபுரத்தில் ரேடியோ, டேப்ரெக்கார்டர், கடிகாரம் என்று ரிப்பேர் பார்த்தே பாதி வயதைக் கழித்தவன் நான். கொஞ்சம் நீளமாகத்தான் சொல்வேன்.

சுவர்க்கடிகாரத்தின் பின்னால் இருக்கும் கறுப்பு மெஷினைக் கழற்றிப் பாருங்கள். ஓரத்தில் கொக்கிகள் இருக்கும். ஸ்க்ரூடிரைவர் முனையால் நெம்பினால் மூடி வந்துவிடும். பிளாஸ்டிக் பல்சக்கரங்களை வரிசை மாறாமல் எடுத்து ஒரு தட்டில் வையுங்கள், இல்லையென்றால் திரும்பப் பூட்ட முடியாது. அடியில் சின்னதாக ஒரு போர்டு. அதில் வெள்ளி நிறத்தில் ஓர் உருளை ஒட்டியிருக்கும். ஆறு மில்லிமீட்டர் நீளம், இரண்டு மில்லிமீட்டர் தடிமன், ஒரு முனையில் மெல்லிய இரண்டு கால். உள்ளே இருப்பது குவார்ட்ஸ் படிகம். இசைக்கவை வடிவத்தில் வெட்டி, காற்றை உறிஞ்சிவிட்டு மூடியிருப்பார்கள். மின்சாரம் தொட்டால் விநாடிக்கு 32,768 தடவை அதிரும். பக்கத்தில் இருக்கும் சில்லு அதைப் பாதியாக்கி, அந்தப் பாதியைப் பாதியாக்கி, இப்படி 15 முறை வகுத்தால் விநாடிக்கு ஒன்று மிஞ்சும். முள்ளை நகர்த்துவது அந்த ஒன்றுதான்.

அழுத்தினால் மின்சாரம் தருகிற குணத்தைப் பியேர் கியூரியும் அவருடைய அண்ணன் ஜாக்கும் 1880-ல் கண்டார்கள். மின்சாரம் கொடுத்தால் அசைகிற மறுபாதி அடுத்த வருஷமே உறுதியானது. அடுப்பு பற்றவைக்கும் லைட்டரில் 'டக்' என்று பொறி வருகிறதே, அதுவும் இதே குணம்தான்.

ஆக, அதிர்வால் நேரத்தை அளக்கும் கல் ஏற்கெனவே எல்லார் வீட்டுச் சுவரிலும் தொங்கிக்கொண்டிருக்கிறது. உங்கள் கல் அதைவிட ஒரு படியாவது விநோதமாக இருக்க வேண்டாமா?

ஜூன் 5, மாலை

விட்டுப்போனது ஒன்று. அந்தக் கடிகாரப் படிகம் 25 டிகிரி வெப்பத்தை ஒட்டித்தான் சரியாக ஓடும். சூடு ஏறினாலும் மெதுவாகும், குளிர்ந்தாலும் மெதுவாகும். 40 டிகிரியில் ஒரு நாளைக்கு அரை விநாடிக்கு மேல் பின்தங்கும். அக்னி நட்சத்திரத்தில் தகரக் கூரைக்கு அடியில் மாட்டி வைத்துவிட்டு "மாசத்துக்கு இருபது செகண்ட் ஸ்லோ" என்று என்னிடம் சண்டைக்கு வந்தவர்கள் உண்டு. வெயிலிடம் போய்ச் சண்டை போடுங்கள் என்பேன்.

ஜூன் 6

"அப்படியானால் நாய்கள் ஏன் கடிகாரத்தைப் பார்த்துக் குரைப்பதில்லை?" என்று எண்ணூர்க்காரர் கேட்கிறார். நல்ல கேள்வி. மனிதக் காதுக்கு விநாடிக்கு 20,000 அதிர்வு வரைதான் எட்டும். நாய்க்கு 40,000-க்கு மேலும் கேட்கும். ஆனால் உருளைக்குள் காற்று இல்லையே, சத்தம் எப்படி வெளியே வரும்?

மாயக்கல்லை யாரும் டப்பாவில் அடைக்கவில்லை. அதனால் கல் ஒலிக்கப் போகிறது என்பது முதலில் தெருநாய்க்குத் தெரியட்டும். காசிமேட்டில் நாய்க்கா பஞ்சம்.

ஜூன் 8

நெல்லையப்பர் கோயில் இசைத்தூண்களை ஏன் சொல்லவில்லை என்று இரண்டு பேர். யாராவது கேட்பீர்கள் என்று தெரியும். அது சிற்பியின் கணக்கு. ஒரே கருங்கல்லில் தூண்களை மெலிதாகவும் தடியாகவும் செதுக்கி, ஒவ்வொன்றுக்கும் ஒரு ஸ்வரம் வரும்படி செய்திருக்கிறார்கள். கல்லில் மாயம் எதுவும் இல்லை, கையில்தான் இருந்தது.

அதோடு, வடசென்னைக் கதைக்குத் திருநெல்வேலியிலிருந்து தூணைப் பிடுங்கி வர வேண்டாம். இங்கே மலையே கிடையாது. ஒரு கல் இங்கே இருக்கிறதென்றால் ஒன்று கப்பலில் வந்திருக்க வேண்டும், இல்லை கடலரிப்பைத் தடுக்க ராயபுரத்திலிருந்து திருவொற்றியூர் வரை கொட்டியிருக்கிறார்களே கருங்கல், அதோடு லாரியில் வந்திருக்க வேண்டும். இரண்டுமே நல்ல ஆரம்பம்தான்.

ஜூன் 11, இரவு

நேரம் விஷயத்துக்கு வருகிறேன். வடசென்னையில் நேரத்தைக் கண்ணால் பார்த்தது பிற்பாடு. முதலில் காதால்தான் கேட்டோம். எங்கப்பா பெரம்பூர் மில்லில் வேலை பார்த்தவர். சங்கு ஊதினால் எழுந்திருப்பது, சங்கு ஊதினால் சோறு, சங்கு ஊதினால் ஷிப்ட் விட்டு வருகிற கூட்டம். வீட்டில் கடிகாரம் இருந்தது, ஆனால் அது சரியா என்று பார்க்கவே சங்கு வேண்டியிருந்தது. மில்லை 1996-ல் மூடினார்கள். அதற்கப்புறமும் கொஞ்ச காலம் அம்மா அந்த நேரத்துக்கு அடுப்படியில் கையை நிறுத்திவிட்டுக் காதைத் தீட்டுவாள்.

சங்குக்கும் முன்னால் பீரங்கி. ஜான் கோல்டிங்ஹாம் என்று ஒருவர், நுங்கம்பாக்கம் வானாய்வகத்தில் இருந்தவர். மதராஸ் நேரம் என்ற கணக்கை 1802-ல் வைத்தவர் அவர். அதே ஆள் ஜார்ஜ் கோட்டையிலும் பரங்கிமலையிலும் பீரங்கி வெடிக்கும்போது வானாய்வகத்தில் நின்று, வெளிச்சம் தெரிந்ததிலிருந்து சத்தம் வந்து சேரும்வரை விநாடிகளை எண்ணி, ஒலியின் வேகத்தை அளந்திருக்கிறார். வெப்பம், ஈரப்பதம், காற்றின் திசை எல்லாவற்றையும் கூடவே குறித்திருக்கிறார். அந்தக் கட்டுரை 1823-ல் லண்டன் ராயல் சொசைட்டி இதழில் வந்தது. கோட்டை நாலு கிலோமீட்டர், சத்தம் வர ஒரு பன்னிரண்டு விநாடி. பரங்கிமலை ஒன்பது கிலோமீட்டர் அளவு, இருபத்தைந்து விநாடிக்கு மேல். ஒலியும் நேரமும் ஒரே ஆள் கையில், அதுவும் நம்ம ஊரில். இதைவிட்டு நீங்கள் இமயமலை முனிவரைத் தேடிப் போக வேண்டியதில்லை.

இப்போது முக்கியமான சங்கதி. நாடு முழுக்க ரயில் ஓடியது அந்த மதராஸ் நேரத்தில்தான். 1906 ஜனவரி 1 முதல் இந்திய நேரம் என்று ஒன்று வந்தது. கிழக்கே 82.5 டிகிரி தீர்க்கரேகைக் கணக்கு. சென்னை 80 டிகிரியைக் கொஞ்சம் தாண்டி இருக்கிறது. ஒரு டிகிரிக்கு நாலு நிமிஷம். ஊர்க் கடிகாரங்களையெல்லாம் ஏறக்குறைய ஒன்பது நிமிஷம் முன்னால் தள்ளி வைத்தார்கள்.

கல் மட்டும் தள்ளி வைக்கவில்லை என்று வையுங்கள். அது இன்னும் மதராஸ் நேரத்தில் இருக்கிறது. பக்கத்தில் கேட்கிற சத்தத்தை ஒன்பது நிமிஷம் கழித்துத் திரும்பக் கொடுக்கும். ஒரே ஒரு முறை. அவ்வளவுதான் அதன் சக்தி.

ஜூன் 11, நள்ளிரவு

தூக்கம் வரவில்லை. ஏலத்தை நினைத்துப் பாருங்கள். விடியற்காலை காசிமேட்டில் கூடை கூடையாக வஞ்சிரம், சங்கரா, ஏலம் போடுகிறவர் மூச்சு விடாமல் தொகையை ஏற்றிக்கொண்டே போகிறார். "நான்தான் முதல்ல கேட்டேன்", "நீ எங்க கேட்ட" என்று சண்டை. ஒன்பது நிமிஷம் பொறு என்கிறான் பையன். கல் திரும்பப் பாடுகிறது. யார் எவ்வளவுக்குக் கேட்டார் என்று ஊருக்கே தெரிந்துவிடுகிறது.

இப்படி ஒரு வாரம் நடந்தால் ஏலக்காரரும் வியாபாரியும் சேர்ந்து கல்லையும் பையனையும் கடலில் போட்டுவிடுவார்கள். உங்கள் கதைக்கு வில்லன் கிடைத்துவிட்டான்.

ஜூன் 12

மூன்று ஆட்சேபணைகள் வந்திருக்கின்றன.

ஒன்று, போனில் பதிவு செய்தால் போச்சே, கல் எதற்கு. போனில் முன்கூட்டியே பொத்தானை அழுத்த வேண்டும் ஐயா. எந்தச் சண்டையும் சொல்லிவிட்டு வருவதில்லை. கல் எப்போதும் கேட்டுக்கொண்டே இருக்கிறது. ஆனால் ஒன்பதாவது நிமிஷம் நீங்கள் அதன் பக்கத்தில் இருந்தாக வேண்டும். யாரோ எங்கோ சொன்ன ஒரு வார்த்தைக்காகத் தண்டையார்பேட்டையிலிருந்து காசிமேட்டுக்கு ஆட்டோவில் பறக்கிறவனை எழுதுங்கள். ரயில்வே கேட் போட்டிருக்கட்டும்.

இரண்டு, இது வெறும் எதிரொலிதானே. ஒன்பது நிமிஷத்தில் சத்தம் 180 கிலோமீட்டருக்கு மேல் போயிருக்கும். போக பாதி, வர பாதி என்றால் எதிரொலிக்கிற சுவர் 90 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்க வேண்டும். அங்கேயிருந்து எதிரொலி வருகிறது என்றால் கல்லைவிட அதுதான் பெரிய மாயம்.

மூன்றாவதுதான் கஷ்டமானது. வியாசர்பாடியிலிருந்து எழுதியவர் கேட்கிறார்: "1906-ல் மாறியது கடிகாரம்தானே, சத்தம் இல்லையே. கல் என்ன அரசாணை படித்ததா?" பதில் இல்லை. யோசிக்கிறேன்.

ஜூன் 15

அதை யோசிக்கும் நேரத்தில் இன்னொன்றைச் சொல்லிவிடுகிறேன். கல்லுக்கு விலை என்ன? காசு விலை இல்லை, பயன்படுத்தினால் என்ன போகும் என்கிற விலை. சும்மா கிடைக்கிற மாயம் இரண்டாவது அத்தியாயத்திலேயே சலித்துவிடும்.

பழைய ரிக்கார்டு பிளேயர்களில் 'கிரிஸ்டல் பிக்கப்' என்று உண்டு. ஊசி தட்டில் ஓடும்போது அதிர்வை மின்சாரமாக மாற்றுகிற படிகம். அதற்கு ரோஷெல் உப்பைத்தான் நிறையப் போட்டார்கள். சோடியம் பொட்டாசியம் டார்ட்ரேட். குவார்ட்ஸைவிடப் பல மடங்கு வலுவான சிக்னல் கொடுக்கும், மைக்கிலும் காதுக்கருவியிலும் வந்தது. ஆனால் அது உப்பு. தண்ணீரில் கரையும். 55 டிகிரி தாண்டினால் உருக்குலையும். ராயபுரத்தில் கடல் காற்று, ஐப்பசி மழை, ஒழுகுகிற கடை. போன வாரம் நன்றாகப் பாடிய பிளேயர் இந்த வாரம் முனகுகிறது என்று கொண்டுவருவார்கள். கார்ட்ரிட்ஜைப் பிரித்தால் உள்ளே படிகம் இருந்த இடத்தில் வெள்ளையாகப் பிசுபிசுவென்று ஏதோ ஒட்டியிருக்கும். முனைகள் மழுங்கி, இரண்டு தகட்டையும் பிடித்திருந்த பசை விட்டுப்போயிருக்கும். துடைத்தால் விரலில் வரும். அதில் ஒரு பாட்டும் மிச்சமில்லை.

மாயக்கல்லும் அந்த ஜாதியாக இருக்கட்டும். ஒவ்வொரு முறை ஒலித்த பிறகும் கொஞ்சம் வியர்க்க வேண்டும். வியர்த்தால் கரையும். கடலோரத்தில் இன்னும் சீக்கிரம் கரையும். எந்தச் சத்தத்தைக் கேட்பது, எதை விடுவது என்று பையன் தேர்ந்தெடுக்க வேண்டியிருக்கும்.

ஜூன் 15, சிறு சேர்க்கை

ரோஷெல் உப்பை ஆரம்பத்தில் விற்றது பேதி மருந்தாக. கதையில் யாராவது அவசரத்தில் கல்லை நக்கிப் பார்ப்பதாக எழுதினால் பின்விளைவையும் எழுதுங்கள்.

ஜூன் 18

கல் எங்கிருந்து வந்தது என்பதற்கு எனக்குப் பிடித்தது பர்மா. 1960-களில் அங்கிருந்து துரத்தப்பட்டு வந்தவர்கள் வடசென்னையில் எத்தனையோ பேர். நகை நட்டைக்கூடக் கொண்டுவர விடாமல் பிடுங்கிக்கொண்டு அனுப்பிய கதையை எங்கள் தெருவிலேயே கேட்டு வளர்ந்தேன். ஒரு பாட்டி கல்கண்டுப் பொட்டலத்துக்குள் ஒரு துண்டைப் போட்டு எடுத்து வந்தாள் என்றால் யார் கண்டுபிடிக்கப் போகிறார்கள்? பேரன் பீச் ஸ்டேஷன் பக்கம் அத்தோ (பர்மா நூடுல்ஸ்) கடை வைத்திருக்கட்டும்.

ஜூன் 19

அத்தோவில் முட்டை உண்டா இல்லையா என்று பத்துப் பேர் பேசிவிட்டீர்கள். போதும்.

அதற்கு நடுவில் ஒருவர் குண்டு போட்டிருக்கிறார். கல் பிறந்த ஊர் நேரத்தில் இருக்கும் என்றால், பர்மாக் கல் ரங்கூன் நேரத்தில் அல்லவா இருக்க வேண்டும்? ரங்கூனின் சூரிய நேரம் நம் கடிகாரத்துக்கு ஏறக்குறைய 55 நிமிஷம் முன்னால். அப்படியானால் காசிமேட்டில் கல் பின்னால் ஒலிக்காது, சத்தம் நடப்பதற்கு 55 நிமிஷம் முன்பே ஒலித்துவிடும்.

கணக்கு சரி. ஆனால் ஏலத்தொகை கிட்டத்தட்ட ஒரு மணி நேரத்துக்கு முன்பே தெரிந்தால் அது ஜோசியம். பையன் ஒரே மாதத்தில் போட் வாங்கிவிடுவான், கதை முடிந்தது.

ஜூன் 21, காலை

கிடைத்துவிட்டது. அரசாணைக் கேள்விக்கும் ரங்கூன் கேள்விக்கும் சேர்த்து ஒரே பதில்.

எல்லாத் துண்டும் ஒரு தாய்ப்பாறையிலிருந்து உடைந்தவை. அந்தப் பாறை காக்கிநாடாவுக்குச் சற்றுக் கிழக்கே கடலுக்கு அடியில், 82.5 டிகிரிக் கோட்டில் கிடக்கிறது. துண்டு எதைக் கேட்டாலும் அது தாய்ப்பாறைக்குப் போய்விடும். அங்கிருந்து சூரியனோடு நடந்துதான் திரும்ப வரும். சூரியன் அந்தக் கோட்டைத் தாண்டி நம் தலைக்கு மேல் வர ஒன்பது நிமிஷம். அதனால் ஒலிக்கும் ஒன்பது நிமிஷம். கல் எந்த அரசாணையையும் படிக்க வேண்டாம். பிறந்த ஊரும் முக்கியம் இல்லை, இப்போது எங்கே இருக்கிறது என்பதுதான் கணக்கு. பாட்டி ரங்கூனிலிருந்து எடுத்து வந்திருந்தாலும் காசிமேட்டில் ஒன்பதுதான். இந்திய நேரத்துக்கும் அதே கோடு என்பது தற்செயல் என்று விட்டுவிடுங்கள். கவனிக்கிற வாசகர் கவனிப்பார்.

இதில் இன்னொரு லாபம். அம்பத்தூருக்குக் கொண்டுபோனால் அரை நிமிஷம் கூடும். கோயம்புத்தூரில் 22 நிமிஷம். பம்பாயில் 39. திருடன் கல்லை எந்த ஊரில் வைத்திருக்கிறான் என்பதை அது தாமதிக்கிற நேரத்தை வைத்தே கண்டுபிடிக்கலாம்.

ஜூன் 21, இரவு

"அப்படியே மேற்கே போய்க்கொண்டே இருந்தால் செத்துப்போன என் அப்பா குரல் கேட்குமா?" என்று ஒருவர். கேட்காது. உலகத்தின் மறுபக்கம் போனாலும் 12 மணி நேரம்தான் பின்னால். இந்த விதியை மட்டும் யாரும் தளர்த்தக் கூடாது என்பது என் கட்சி. எனக்கும் மில் சங்கை இன்னொரு தடவை கேட்க ஆசைதான். செத்தவர் குரலைத் தருகிற கல் வந்துவிட்டால் ஏலமும் கிடையாது, ஓட்டமும் கிடையாது, எல்லாரும் கல்லைச் சுற்றி உட்கார்ந்து அழுதுகொண்டிருப்பார்கள்.

ஜூன் 24

இப்போது கிழக்கே. பையன் கல்லோடு சென்ட்ரலில் கோரமண்டல் எக்ஸ்பிரஸ் ஏறுகிறான். ஓங்கோலைத் தாண்டிய பிறகு ஊர் ஊராகத் தாமதம் குறைந்துகொண்டே வருகிறது. காக்கிநாடாப் பக்கம் வரும்போது பெட்டியில் பேசுகிற பேச்சும் கல்லின் பேச்சும் ஒன்றாகிவிடும். ஒவ்வொரு சொல்லும் இரட்டையாகக் கேட்கும். கோட்டைத் தாண்டியதும் கல் முந்திக்கொள்ளும். விசாகப்பட்டினத்தில் மூன்று நிமிஷம் முன்னால், ஹௌராவில் 23 நிமிஷம் முன்னால்.

முந்தி ஒலிப்பது வேண்டாம் என்று 19-ம் தேதி நான்தானே சொன்னேன் என்கிறீர்களா? காசிமேட்டில் உட்கார்ந்தபடியே கிடைப்பதைத்தான் வேண்டாம் என்றேன். இங்கே ரயில் ஏறிப் போக வேண்டும், ஊரை விட்டு விலக வேண்டும், மூன்று நிமிஷத்தில் பெரிதாக எதையும் மாற்ற முடியாது. இது வேறு.

ஆனால் ஒரு விதி. முன்கூட்டிக் கேட்ட சத்தம் எப்படியும் நடந்தே தீரும். எவர்சில்வர் குடம் விழுகிற சத்தம் கேட்டுக் குடத்தை எடுத்துக் கீழே வைத்துவிட்டால், மேல் பெர்த்திலிருந்து யாரோ ஒருவருடைய டிபன் கேரியர் விழ வேண்டும். சத்தம் அதேதான். யாருடையது என்பது மட்டும் மாறும்.

ஜூன் 25

துனியா அன்னவரமா, எந்த ஸ்டேஷனில் கோடு வருகிறது என்று ஒரே ரகளை. இரண்டுக்கும் நடுவில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கே எதிரெதிராக உட்கார்ந்திருக்கிற இருவர் ஒரே சமயத்தில் பேசுவதை நிறுத்தினால் போதும், வாசகருக்குப் புரிந்துவிடும். அட்டவணை போட்டுக் காட்ட வேண்டியதில்லை.

ஜூலை 2

முதல் அத்தியாயம் படித்தேன். பாட்டி வருகிற பக்கம் நன்றாக இருக்கிறது. கல் ஒலிக்குமுன் நாய்கள் எழுந்து நிற்பதும் வந்திருக்கிறது, சந்தோஷம். ஆனால் பையன் கல்லை மீன் ஐஸ் பெட்டிக்குள் ஒளித்து வைக்கிறானே? தண்ணீர் சொட்டுகிற இடம் அது. மூன்றாவது அத்தியாயத்தில் உங்களிடம் கல்லே இருக்காது. செருப்பு டப்பாவோடு ஈரம் உறிஞ்சச் சின்னப் பொட்டலம் ஒன்று வருமே, நான்கைந்தைச் சேர்த்து ஒரு எவர்சில்வர் சம்புடத்தில் போட்டு, நடுவில் கல்லை வைக்கச் சொல்லுங்கள். கேமரா லென்ஸ் வைத்திருக்கிறவர்கள் அப்படித்தான் செய்கிறார்கள்.

ஏலக்காட்சியை ஒரே பத்தியில் முடித்துவிட்டீர்கள். அதை மட்டும் நீட்டுங்கள். ஏலம் போடுகிறவர் குரல் எப்படி இருக்கும் என்று தெரியாவிட்டால் ஒரு நாள் விடியுமுன் போய் நின்று கேளுங்கள், போனில் பதிவு செய்துகொண்டும் வரலாம்.